கருப்பட்டி கறுத்தால் எங்கள் தெருவில் விடியும்

ரொம்பப் பழைய காலத்தில் இல்லை, போன ஐப்பசியில்தான், ராஜா ராணி ஆண்ட சீமையிலும் இல்லை, நாகர்கோவிலில் இருந்து மினிபஸ்ஸில் முக்கால் மணி நேரம் குலுங்கி வந்தால் இறங்குகிற எங்கள் ஆலங்காவிளையில்தான், மேலத்தெருவின் பதினான்கு வீடுகளுக்கும் ஒரே நாளில் இரண்டு தடவை விடிய ஆரம்பித்தது. அதற்குக் காரணம் நான் வைத்த ஒரு கோழிக்குழம்பு என்பதால் அதை நானே சொல்லிவிடுவதுதான் மரியாதை. இல்லாவிட்டால் பக்கத்து வீட்டு ஃபுளோரா மைனி சொல்லுவாள், அவள் சொன்னால் கதை குழம்பில் உப்பு கூடிப்போனதில் ஆரம்பித்து அதிலேயே முடிந்துவிடும்.

ஃபுளோரா மைனி என் வீட்டுக்காரருடைய அக்கா. வீட்டுக்காரர் ஞானதாஸ், சரக்குக் கப்பலில் சமையல்காரர். அந்தக் கப்பல் எஞ்சின் பழுதாகி ஜமைக்கா தேசத்தில் கிங்ஸ்டன் துறைமுகத்தில், இன்றைக்கு சரியாகும் நாளைக்கு சரியாகும் என்று இரண்டு மாதமாக நின்றுகொண்டிருந்தது. அப்போது எனக்கு வயிற்றில் ஏழு மாதம். மூத்தவள் ஆன்சி பிறந்தபோது அவர் நடுக்கடலில் இருந்தார், அவள் அழுத முதல் சத்தத்தைப் போனில்தான் கேட்டார், நேரில் பார்க்கும்போது அவளுக்கு இரண்டு பல் முளைத்து அப்பாவின் விரலைக் கடித்துவிட்டாள். இந்தத் தடவை பிள்ளை அழுகிற முதல் சத்தத்தைக் கதவுக்கு வெளியே நின்றாவது கேட்டே தீருவேன் என்று அவர் சொல்லியிருந்தார். அதற்காகவே லீவு கேட்டு, டிசம்பர் பத்தாம் தேதி வீட்டில் இருப்பேன் என்று எழுதி வாங்கியும் வைத்திருந்தார். பிள்ளைக்கு டாக்டரம்மா குறித்த தேதி டிசம்பர் இருபது. நான் தினசரி காலண்டரை ஒவ்வொரு காலையும் கிழித்துக்கொண்டே இருந்தேன், அது இளைக்கவே இல்லை.

அப்போதுதான் அவர் ஒரு நாள் குரல் பதிவில் ஒரு குழம்பை அனுப்பினார். துறைமுக வாசலில் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கிற வினெட் அக்கா கற்றுக்கொடுத்தது, கோழியைச் சர்க்கரையில் கறுக்க வறுத்து வைக்கிற ஜமைக்காக் குழம்பு, ஒரு தடவை வைத்துப் பார் ஷைனி, நானும் இதைத்தான் சாப்பிடுகிறேன், ஒரே குழம்பைச் சாப்பிட்டால் ஒரே வீட்டில் இருக்கிற மாதிரி என்றார். கப்பலில் ரொம்ப நாள் இருந்தால் ஆம்பிளைகள் இப்படித்தான் பேசுவார்கள். ஆனாலும் நான் வைத்தேன்.

சிவப்புச் சர்க்கரை வேண்டுமாம், எங்கள் கடையில் அது கிடையாது, கருப்பட்டி இருந்தது. தைம் என்று ஒரு இலை வேண்டுமாம், என்ன இழவோ தெரியாது, மோந்து பார்த்தால் ஓமம் மாதிரி இருக்கும் என்றார், அப்படியென்றால் சளிக்குப் பிழிந்து கொடுக்கிற கற்பூரவல்லி மதில் ஓரத்தில் காடாக நின்றது. பிமென்டோ என்று ஒரு மரம் சொல்லி அதன் படத்தையும் அனுப்பினார், பார்த்தால் அது எங்கள் கிணற்றடியில் நிற்கிற சர்வசுகந்தி, பிரியாணியில் இலை பறித்துப் போடுகிற அதே மரம். அந்த ஊர் மஞ்சள் குண்டு மிளகாய்க்குப் பதில் காந்தாரி மிளகாய் நாலு. கோழியை எலுமிச்சம்பழம் பிழிந்த தண்ணீரில் கழுவி, பூண்டு, இஞ்சி, வெங்காயத்தாள் எல்லாம் நசுக்கிப் பிசறி, மத்தியானம் முழுக்க மூடி வைத்துவிட்டு, சாயங்காலம் ஐந்து மணிக்கு அடுப்பு மூட்டினேன். ஒன்பது நாளாக விடாத மழை, வெளியே அப்போதே மூஞ்சி தெரியாத இருட்டு.

ஃபுளோரா மைனி குடையை மடக்கிக்கொண்டு அடுக்களை வாசலில் வந்து நின்றாள்.

“மல்லிப்பொடி எங்க?”

“இதுக்கு மல்லிப்பொடி கிடையாது மைனி.”

“தேங்கா?”

“அதுவும் கிடையாது.”

“அப்போ இது கொழம்பா, இல்ல சளிக்குக் கஷாயமா? என் தம்பிக்குக் கடல்தண்ணி தலைக்கேறிட்டுன்னு நான் அப்பவே சொன்னேன்.”

எண்ணெய் காய்ந்ததும் தட்டிய கருப்பட்டியைப் போட்டேன். அது உருகியது, நுரைத்தது, தேன் நிறத்துக்கு வந்தது, தேன் நிறத்தைத் தாண்டிக் காப்பி நிறத்துக்குப் போனது.

“ஏட்டி கரியுது, தீயக் கொற!”

“கரியணும் மைனி. கரிஞ்சாத்தான் கொழம்பு.”

“கொழந்தை உண்டாயிருக்கவளுக்குப் புத்தி இப்படியா போகும்!”

கருப்பட்டி கறுக்கக் கறுக்க வெளியே வெளுத்தது. மழை ஒரு துளி இரண்டு துளி என்று நின்று, ரப்பர் தோட்டத்துக்குப் பின்னால் கிழக்கே சிவந்து, மைனி வீட்டுச் சேவல் கழுத்தை நீட்டிக் கூவி, நான் கோழித்துண்டுகளைச் சட்டியில் போட்டுப் புரட்டுவதற்குள் சூரியன் தெருவின் எல்லாக் கூரைக்கும் மேலே வந்து, பளிச்சென்று, உப்புக்காற்றும் வெதுவெதுப்புமாக நின்றது. எங்கள் சூரியன் மாதிரி இல்லை, கொஞ்சம் பெரிசு, கொஞ்சம் சோம்பேறி. சாயங்காலம் ஐந்து என்றால் கிங்ஸ்டனில் காலை ஆறரை என்று எனக்குத் தெரியும், இரண்டரை வருஷமாக அவருக்குப் போன் பண்ணிப் பண்ணிக் கப்பல் போகிற ஊருடைய நேரமெல்லாம் மனப்பாடம்.

ஃபுளோரா மைனி வெளியே எட்டிப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள்.

“விடிஞ்சிட்டு. முற்றம் பெருக்காம அங்க என்ன வேடிக்கை?”

அவள் நேராகக் கூடத்துக்குப் போய்க் காலண்டரில் ஒரு தாளைக் கிழித்தாள். தம்பி வீட்டுக் காலண்டரைக் கிழிக்கிற உரிமை தனக்கு உண்டு என்று அவளுக்கு எண்ணம், அதில் நான் தலையிடுவதில்லை.

குழம்பு கொதி வந்தபோது சூரியன் உச்சிக்கு வந்தது, அதில் போட்ட காரட் வெந்தபோது மேற்கே சாய்ந்தது, குழம்பு திரண்டு பளபளவென்று கோழியைப் பிடித்துக்கொண்டபோது மறைந்தது, அடுப்பை அணைத்தேன், பழையபடி மழை. ஒரு முழுப் பகல் ஒரு மணி ஐந்து நிமிஷத்தில் முடிந்தது. எங்கள் தெருமுனையில் ஒரு ஓடைப்பாலம் இருக்கிறது, வெயில் அதுவரைக்கும்தான், பாலத்தில் நின்ற ஆட்டுக்கு முன்பக்கம் காய்ந்தும் பின்பக்கம் நனைந்தும் இருந்ததை எல்லாரும் பார்த்தார்கள்.

மறுநாள் கிணற்றடியில் தெரு கூடியது. இது எப்படி நடந்தது என்று யாரும் கேட்கவில்லை, அதற்கெல்லாம் அவர்களுக்கு நேரம் இல்லை, பேச வேண்டியது வேறு நிறைய இருந்தது. இரண்டாவது விடியலுக்குப் பல் தேய்க்க வேண்டுமா என்பது முதல் கேள்வி, முகம் கழுவினால் போதும் என்று முடிவாயிற்று. பள்ளிக்கூடம் உண்டா என்று ஒரு தாய் கேட்டதற்கு, பள்ளிக்கூடம் பாலத்துக்கு அந்தப் பக்கம், அங்கே அப்போது சாயங்காலம் என்று பிள்ளைகளே சட்டம் சொன்னார்கள். காலண்டர் கிழிக்கலாமா என்ற கேள்விதான் கொஞ்சம் நீண்டது. தெருவின் பெரிய ரப்பர்த் தோட்டக்காரர் தவசிமுத்து மாமா கடைசியில் எழுந்து, “சூரியன் வந்து போச்சுன்னா அது நாளுதான். அத நாளு இல்லைன்னு சொல்லதுக்கு நம்ம யாரு?” என்றார். பதினான்கு வீட்டிலும் ஒரு தாள் கிழிந்தது.

மாமாவுக்கு அதில் நியாயம் மட்டும் இல்லை, ரப்பர் ஷீட்டும் இருந்தது. ரப்பர்ப்பாலைப் பாயாக உறையவைத்துக் கொடியில் போட்டு, மழையில் காயாமல் பூசணம் பிடித்துத் தொங்கிய ஷீட்டுகள் அந்த ஒரு மணி ஐந்து நிமிஷத்தில் மஞ்சள் கண்ணாடி மாதிரி ஆகிவிட்டன. அதற்குப் பிறகு என் வாசலுக்குக் கோழி வர ஆரம்பித்தது. ஷைனி, நாளைக்கு நெத்திலி காயப் போடணும், நம்ம வெடக்கோழி ஒண்ணு நிக்கி, வைக்கியா மக்களே என்று ஒரு வீடு. மரச்சீனிக் கிழங்கு சீவி வச்சிருக்கேன், வெயில் கொஞ்சம் கூடுதலா வேணும், காந்தாரி ரெண்டு சேத்துப் போடு என்று இன்னொரு வீடு. சிலர் தாங்களே வைத்துப் பார்த்தார்கள், விடியவில்லை. என்ன செய்ய, எல்லாம் சரியாகப் போட்ட பிறகு கை தன்பாட்டில் போய் மல்லிப்பொடி டப்பாவைத் திறந்துவிடும். ஃபுளோரா மைனியும் பின்வாசலைச் சாத்திக்கொண்டு ஒரு தடவை வைத்தாள், கிழக்கே ஒரு தீக்குச்சி கிழித்த மாதிரி வெளிச்சம் வந்து அணைந்தது. “எனக்கு அது போதும்” என்று சொல்லிவிட்டாள்.

கோழிகள் நாளுக்கு இரண்டு முட்டை இட்டன. வாழைக்குலைகள் அவசரமாகத் திரண்டன. ஞாயிற்றுக்கிழமை சீக்கிரம் சீக்கிரம் வந்தது, எங்கள் தெருக்காரர்கள் வெள்ளை உடுத்து, எண்ணெய் தேய்த்துச் சீவி, கோயிலுக்கு ஆராதனைக்குப் போனால் அங்கே பூட்டு தொங்கும், பாலத்துக்கு அந்தப் பக்கம் அது புதன்கிழமையாக இருக்கும், பூட்டின வாசலிலேயே நின்று ஒரு பாட்டுப் பாடிவிட்டுத் திரும்பி வருவோம். அவரிடம் போனில் சொன்னேன், உங்கள் சூரியன் இங்கே வருகிறது என்று.

“அப்படியா? அதான் இங்க காலம்பற ஒரு மணி நேரம் வெயில் மங்குது. சரி, காரம் எப்படி இருந்துச்சு?” என்று கேட்டார்.

இங்கேதான் நான் ஒரு தப்பு செய்தேன். தாள் கிழிகிற சத்தம் எனக்குப் பிடித்துப்போயிற்று. ஒரு குழம்பு வைத்தால் அவர் ஒரு நாள் பக்கத்தில் வருகிறார் என்று நான் நினைத்தேன். மற்றவர்கள் சூரியன் வேறு, அவர் சூரியன் வேறு, இது அவர் இருக்கிற ஊர்ச் சூரியன்தானே, அது இங்கே ஒரு நாளை முடித்துவிட்டுப் போனால் அங்கேயும் ஒரு நாள் முடிந்துதானே இருக்கும் என்று எனக்கு நானே கணக்குப் போட்டுக்கொண்டேன். அவரிடம் கேட்டிருக்கலாமே என்பீர்கள். புருஷன் பெண்டாட்டி போனில் பேசும்போது யாராவது இன்றைக்குத் தேதி என்ன என்று கேட்டுக்கொள்வார்களா? ஆன்சி என்ன சாப்பிட்டாள், உள்ளே இருக்கிறவன் உதைக்கிறானா, இதற்கே நெட்வொர்க் போய்விடும். அதனால் தெருக்காரர்கள் கோழி கொண்டுவராத நாளிலும் நானே பிடித்து அறுத்து வைத்தேன். ஷீட்டும் நெத்திலியும் காய்வதாகத் தெரு நினைத்தது, நான் என் புருஷனை இழுத்துக்கொண்டிருந்தேன். பதினேழு குழம்பு வைத்தேன்.

எங்கள் தெருவுக்கு டிசம்பர் பத்து வந்தது. நான் தலை குளித்து, அவருக்குப் பிடித்த பச்சைச் சேலை உடுத்து, வயிற்றையும் தூக்கிக்கொண்டு பாலத்தைத் தாண்டி மினிபஸ் நிற்கிற இடத்தில் போய் நின்றேன். ஆன்சி கையில் ஒரு செம்பருத்தி. ஃபுளோரா மைனி தம்பிக்கென்று சுக்குக்காப்பியை ஃபிளாஸ்க்கில் கொண்டுவந்திருந்தாள். தவசிமுத்து மாமா, கடைசி வீட்டு லீலாபாய் சிஸ்டர், அவர்தான் எங்கள் சுகாதார நிலையத்து நர்ஸ், எல்லாரும் குடை பிடித்து நின்றார்கள். ஒரு பஸ் வந்து போனது, இரண்டு வந்து போனது, நாலாவது பஸ்ஸின் கண்டக்டர் இறங்கி வந்து ஏதாவது போராட்டமா என்று கேட்டுவிட்டுப் போனான். நான் போன் போட்டேன். அவர் அப்போதுதான் தூங்கி எழுந்த குரலில் எடுத்தார்.

“பஸ் சத்தம் கேக்குது, எங்க நிக்கிய?” என்றார்.

“பஸ் ஸ்டாப்புல.”

“யாரு வாறா?”

“நீங்கதான்.”

“ஷைனி, இன்னைக்கு நவம்பர் இருபத்திமூணு. இன்னும் பதினேழு நாளு இருக்கு.”

மைனி போனைப் பிடுங்கினாள். “லேய் தாசு, ஒம் பெண்டாட்டி பதினேழு கோழிய வெட்டி நாளத் தள்ளியிருக்கா, நீ அங்க உக்காந்து நவம்பரச் சொல்லிட்டு இருக்கியா?”

நான் சிரித்தேன். மைனி முன்னால் அழ எனக்குப் பழக்கமில்லை. சுக்குக்காப்பியை மழையிலேயே ஆளுக்கொரு மடக்குக் குடித்தோம். ஆனால் லீலாபாய் சிஸ்டர் சிரிக்கவில்லை. என் வயிற்றையே பார்த்துக்கொண்டு நடந்து வந்தவர், வீட்டில் என்னைப் படுக்க வைத்து நாடாவைப் பிடித்து அளந்தார், மறுபடியும் அளந்தார், வயிற்றை அழுத்திப் பிள்ளையின் தலையைத் தொட்டுப் பார்த்தார்.

“சிஸ்டர், என்னது?”

“கோழி ரெண்டு முட்டை போட்டுச்சு, வாழை மூத்துச்சு, இது மட்டும் சும்மா இருக்குமா? காலண்டர்ல கிழிச்ச பதினேழு தாளும் ஒன் வயித்துக்குள்ளயும் கிழிஞ்சிருக்கு மோளே. நம்ம தெரு இருபதாம் தேதிக்கு இவன் வந்துருவான். இன்னும் பத்தே நாளு.”

அவருக்குப் பதினேழு நாள். பிள்ளைக்குப் பத்து நாள். புருஷனை இழுக்கப் போய் நான் பிள்ளையை இழுத்திருக்கிறேன்.

அன்று மறுபடி பேசியபோது அவரிடம் சொன்னேன். திட்டுவார் என்று நினைத்தேன், திட்டினால் நானும் இரண்டு திட்டலாம் என்று தயாராக இருந்தேன். அவர் திட்டவில்லை. “அப்போ இந்தத் தடவையும் போனுலதான் கேக்கணும்” என்று மட்டும் சொன்னார். அதற்குப் பிறகு எனக்குச் சோறு இறங்கவில்லை. குழம்புச் சட்டியைத் தேய்க்க உட்கார்ந்தேன், பதினேழு நாள் கருப்பட்டி அடியில் பிடித்திருந்தது, தேங்காய் நாரால் தேய்க்கத் தேய்க்க எனக்கு ஒரு யோசனை வந்தது, சாம்பல் கையோடேயே போனை எடுத்தேன்.

“ஏங்க, அந்த ஊர்க் கொழம்ப இங்க வச்சா அந்த ஊர்ச் சூரியன் இங்க வருதுன்னா, நம்ம ஊர்க் கொழம்ப நீங்க அங்க வச்சா?”

“வச்சா?”

“நம்ம சூரியன் அங்க வரணும்லா? ஒரு நாளைக்கு ரெண்டு நாளு போகணும்லா? ஏழு தடவை வச்சீங்கன்னா கப்பலுக்கு ஏழு நாளு சீக்கிரம் முடியும். கப்பல்ல எது தேதியோ அதுதான உங்களுக்குத் தேதி?”

அந்தப் பக்கம் ஐஸ்பெட்டி திறக்கிற சத்தம் கேட்டது. பிறகு, “சீலா மீன் இருக்கு” என்றார்.

எங்களுக்குக் காலை ஆறு என்றால் அவருக்கு முந்தின நாள் ராத்திரி ஏழரை. மறுநாள் காலை ஆறு மணிக்கு மேலத்தெரு முழுக்கப் பாலத்தருகே நின்று கிழக்கே பார்த்தது. நாங்கள் வெயிலை வாங்கினபோது கிங்ஸ்டனில் மங்கியதே, அதுபோல அங்கே குழம்பு பலித்தால் இங்கே மங்க வேண்டும். அன்றைக்கென்று மழை விட்டிருந்தது. சூரியன் வந்தது, கழுவித் துடைத்த தாம்பாளம் மாதிரி முழுசாக வந்தது, மங்கவே இல்லை. சூரியன் நன்றாக உதித்ததற்காக ஒரு தெருவே தலையில் கை வைத்து உட்கார்ந்ததை நான் அன்றைக்குத்தான் பார்த்தேன்.

“என்ன பொடி போட்டீங்க?” என்று கேட்டேன்.

“நீ கட்டித் தந்த பொடிதான். நாலு பாக்கெட் பத்திரமாட்டு வச்சிருந்தேன்.”

“அதான் தப்பு. கொழம்புதான் நம்ம ஊரா இருக்கணும், சாமான் அங்க விளைஞ்சதா இருக்கணும். நான் என்ன சிவப்புச் சர்க்கரையா போட்டேன்? நம்ம கருப்பட்டிதான போட்டேன்.”

“கறிவேப்பிலைக்கு எங்க போக?”

“சர்வசுகந்தி மரம் அங்கயும் நிக்குன்னு நீங்கதான படம் அனுப்புனீங்க? அத ரெண்டு இலை போடுங்க. தேங்காய வினெட் அக்காட்ட கேளுங்க. பொடியத் தொட்டா நான் இங்க இருந்தே கையத் தட்டிவிடுவேன்.”

வினெட் அக்கா தேங்காயும் மஞ்சள் கிழங்கும் கொடுத்தாளாம், துறைமுகத்துக்கு வெளியே நின்ற புளியமரத்தில் இருந்து கப்பல் பையன்கள் புளி உலுக்கினார்களாம், மஞ்சள் குண்டு மிளகாயைத் தேங்காயோடு மிக்சியில் அரைத்து அவர் குழம்பு கூட்டினாராம். மறுநாள் எங்கள் சூரியன் தென்னை மட்டை உயரத்துக்கு வந்ததும் திரியை இறக்கிய விளக்கு மாதிரி மங்கியது. “கொதிச்சிட்டு!” என்று தவசிமுத்து மாமா கத்தினார். மைனி சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, உப்புப் போட்டானோ என்னமோ என்றாள்.

கப்பலில் யாரும் பெரிதாக ஆச்சரியப்படவில்லை என்று அவர் சொன்னார். கடல்காரர்களுக்குத் தேதி முன்னே பின்னே போவது பழக்கம்தான். ராத்திரிச் சாப்பாட்டு நேரத்தில் விடிந்ததைப் பார்த்துப் பிலிப்பைன்ஸ்காரர்கள் துணி துவைத்துக் காயப் போட்டார்கள். கேப்டன் ஒரு போலந்துக்காரர், சிரிக்கத் தெரியாதவர், மேலே போய்ச் சூரியனை ஒரு கருவியால் அளந்துவிட்டு, உதித்தது, அடங்கியது, கண்ணால் பார்த்ததை எழுதாவிட்டால் நான் எதற்குக் கேப்டன் என்று நோட்டில் ஒரு நாளை எழுதினாராம். பிறகு ஒரு தட்டு சோறும் குழம்பும் கேட்டு வாங்கி, மூக்கில் தண்ணீர் வடிய வடியச் சாப்பிட்டாராம்.

இங்கே தெருவுக்கு வேறொரு வேலை வந்தது. இனிமேல் ஒரு தாள்கூட அதிகமாகக் கிழியக் கூடாது, கிழிந்தால் பிள்ளை இன்னும் முந்திவிடும். நான் வைக்க மாட்டேன் என்று சொன்னாலும் ஃபுளோரா மைனிக்கு நம்பிக்கை இல்லை, யாருக்காவது கை தவறிச் சரியாக வந்துவிட்டால்? ஓலைப்பெட்டியோடு பதினான்கு வீடும் ஏறி இறங்கி, இருந்த கருப்பட்டியெல்லாம் வாங்கித் தன் பீரோவில் வைத்துப் பூட்டினாள். தெரு முழுக்க வெள்ளைச் சீனி போட்ட காப்பியைக் குடித்து முகத்தைச் சுளித்தது. மழை மறுபடி பிடித்துக்கொண்டது, மாமாவின் ஷீட்டுகளில் பூசணம் மீசை மாதிரி வளர்ந்தது. ஒரு சாயங்காலம் அவர் என் அடுக்களை வாசலில் வந்து நின்று சட்டியையே பார்த்தார்.

“என்ன மாமா?”

“ஒண்ணுமில்ல மக்களே. சும்மாட்டு வந்தேன்.” போகும்போது திரும்பி, “சாம்பாருக்கு ஏதாவது ஊர்ச் சூரியன் வருமா?” என்று கேட்டார்.

அப்புறம் ஒவ்வொரு காலையும் எங்கள் சூரியன் கொஞ்ச நேரம் கடன் போய்விட்டு வந்தது. பால்காரர் பாலத்தில் நின்று, உங்க தெருவுக்கு மட்டும் என்ன இருட்டு என்று கேட்டால், ஷைனி வீட்டுக்காரர் மீன்குழம்பு வைக்காரு, இப்ப இறக்கிருவாரு என்று சின்னப் பிள்ளைகூடச் சொல்லும். ஏழு காலை மங்கியது. எட்டாம் நாள் மங்கவில்லை, அதற்குள் கப்பல் தேதிப்படி லீவு வந்து அவர் கப்பலில் இருந்து இறங்கிவிட்டார். அவர் இடத்தில் அடுப்படிக்கு வினெட் அக்காவின் தம்பி ஏறிக்கொண்டான்.

சிஸ்டர் சொன்ன பத்தாம் நாள் விடியற்காலையிலேயே எனக்கு வலி எடுத்தது. அவர் அப்போது ஆகாயத்தில் எங்கேயோ இருந்தார். ஆட்டோ பாலத்தைத் தாண்டும்போது ஃபுளோரா மைனி என் கையை இறுகப் பிடித்துக்கொண்டு, என் வயிற்றைப் பார்த்து, “லேய், ஒங்கப்பன் பதினாயிரம் மைல் தாண்டி வாறான், ஒனக்கு ஒரு சாண் பொறுக்க முடியாதா?” என்று சண்டை போட்டுக்கொண்டே வந்தாள். தவசிமுத்து மாமா ஷீட்டு ஏற்றுகிற வேனை எடுத்துக்கொண்டு திருவனந்தபுரம் விமான நிலையத்துக்குப் பறந்தார்.

மத்தியானம் ஆயிற்று. விமானம் இறங்கிவிட்டது என்றார்கள். களியக்காவிளையில் ரோட்டில் தண்ணீர் என்றார்கள். மார்த்தாண்டம் தாண்டிவிட்டார்கள் என்றார்கள். எனக்கு ஒவ்வொரு வலிக்கும் ஒரு ஊர் வந்தது. நான் சாதாரணமாக எல்லாவற்றையும் சிரித்துக் கடத்துகிறவள், அன்றைக்குச் சிரிப்பு வரவில்லை, பல்லைக் கடித்துக்கொண்டு சிஸ்டரின் கையைப் பிடித்தேன்.

“கொஞ்சம் பொறுக்கச் சொல்லுங்க சிஸ்டர்.”

“உள்ள இருக்கவன் நம்ம தெருக்காரன் மோளே. தாளு முடிஞ்சிட்டுன்னா அவன் யாருக்கும் நிக்க மாட்டான். நீ முக்கு.”

“மாட்டேன்.”

“ஷைனி!”

“அவரு வரட்டு.”

வேனின் ஹாரன் கேட்டது. ஒரே ஹாரன், எங்கேயும் விடாமல், சுகாதார நிலையத்து வாசல் வரைக்கும். செருப்புச் சத்தம் ஓடிவந்தது. வெளியே ஆன்சி யார் மடியிலோ உட்கார்ந்து என் போனை வைத்து விளையாடிக்கொண்டிருந்தாள், ஓடிவந்த ஆளைப் பார்த்து போனை உயரத் தூக்கிக் காட்டி, “அப்பா இதுல இருக்கு” என்று விவரம் சொன்னாளாம். அவர் அவளை அப்படியே அள்ளித் தோளில் போட்டுக்கொண்டு கதவுக்கு வெளியே வந்து நின்றார்.

“ஷைனி. நான் வந்தாச்சு. கதவுக்கிட்டதான் நிக்கேன்.”

“மீன் நாறுது,” என்றேன் நான். ஏழு நாள் குழம்பு வைத்த நாற்றம், இரண்டு விமானம் மாறியும் போகவில்லை. அதை ஒரு முழு மூச்சு இழுத்துக்கொண்டு முக்கினேன்.

அவன் அழுதான். பதினான்கு வீட்டுக்கும் கேட்கிற மாதிரி, யாரோ சூட்டுக்கோல் வைத்த மாதிரி, அப்படி ஒரு அழுகை. கதவுக்கு அந்தப் பக்கத்தில் ஒரு பேச்சும் இல்லை. அவர் கேட்டுக்கொண்டிருக்கிறார் என்று எனக்குத் தெரிந்தது. பையனும் தெரிந்துதானோ என்னவோ, நிறுத்தாமல் அழுதான்.

சிஸ்டர் அவனைத் துடைத்துத் துணியில் சுற்றி, கதவைத் திறந்து, அவர் கையில் கொடுத்தார். பிறகு பெரிய நோட்டை எடுத்து வைத்துக்கொண்டு பேனாவைத் திறந்தார், திறந்தவர் அப்படியே நின்றார். வீட்டில் ஒரு தேதி, வேலையில் ஒரு தேதி என்று ஒரு மாதமாகச் சமாளித்தவருக்கு அந்த நேரம் பார்த்துத் தலை சுற்றிவிட்டது.

“பிறந்த தேதி என்ன போடட்டு?”

“இருபது,” என்றாள் ஃபுளோரா மைனி. “டாக்டரம்மா சொன்ன தேதி. நான் காலையில என் கையால கிழிச்சிட்டு வந்தேன்.”

“மூணு சிஸ்டர்,” என்றாள் மருந்து கொடுக்கிற பெண், பாலத்துக்கு அந்தப் பக்கத்துக்காரி. “வெளிய சுவத்துல காலண்டர் தொங்குதுல்லா.”

“அது எப்படி?” என்றார் தவசிமுத்து மாமா. “அவன் கப்பல்ல கேப்டன் எழுதுன தேதிப்படி இன்னைக்குப் பத்து. பத்தாம் தேதி வருவேன்னான், வந்துட்டான். பிள்ளைக்கு அப்பன் தேதிதான்.”

“பெத்தது யாரு? அவளுக்கு இருபது.”

“கவர்ன்மென்டுக்கு மூணு.”

அந்த மூன்று பேரும் மூன்று பக்கம் பேச, சிஸ்டர் பேனாவோடு திரும்பித் திரும்பிப் பார்த்து, கடைசியில் அவரிடமே கேட்டார். அவருக்குக் காதில் விழவில்லை. ஆன்சி ஒரு தோளில், அவன் ஒரு கையில். இரண்டாம் தடவை கேட்டார். மூன்றாம் தடவை கொஞ்சம் சத்தமாக, “தாசு, பிறந்த தேதி என்னப்பா?” என்று கேட்டார்.

அவர் பிள்ளையின் முகத்தில் இருந்து கண்ணை எடுக்காமல், “இன்னைக்கு” என்றார். “இன்னைக்குன்னு போடுங்க சிஸ்டர்.”

லீலாபாய் சிஸ்டர் பேனாவை ஒரு தடவை உதறிக்கொண்டு, அப்படியே எழுதினார்.